பத்தாம் இடத்து விளக்கு

“ஏம்மா, அந்த நட்சத்திரத்துக்குக் கரண்ட் பில்லு யாரு கட்டுறா?”

நிறைமதியிடம் இப்படிக் கேட்டவர் சனிக்கிழமைப் பார்வையாளர்களோடு மலை ஏறி வந்த ஒரு வாழைத்தார் வியாபாரி. கேலியாகக் கேட்கவில்லை. நியாயமான சந்தேகமாகத்தான் கேட்டார். வேலைக்குச் சேர்ந்து ஒரு வாரம்கூட ஆகாத நிறைமதிக்குப் பதில் தெரியும். ஆனால் வாய் வரவில்லை. புது ஆட்களைக் கண்டால் அவளுக்கு அப்படித்தான். பின்னால் வந்துகொண்டிருந்த ஆய்வக இயக்குநர் மெஹருன்னிசா, “நீங்கதான் கட்டுறீங்க. வரியில வருது” என்றார். வியாபாரி சற்று யோசித்தார். “அப்ப கொஞ்சம் கூட்டி எரியவிடலாமே” என்று சொல்லிவிட்டு அடுத்த அறைக்குப் போனார்.

ஈச்சமலை தேசிய வானாய்வகத்தில் மூன்று தொலைநோக்கிகள் உண்டு. அங்கே வேலை செய்கிறவர்கள் அவற்றைப் பித்தளை, நாற்பது, பெரியது என்று சொல்வார்கள். பித்தளை வெள்ளைக்காரன் காலத்தது. கப்பலில் வந்து, மாட்டுவண்டியில் அடிவாரம் சேர்ந்து, அங்கிருந்து ஆட்களின் தோளில் மேலே ஏறியது. நட்சத்திரங்கள் உச்சியைக் கடக்கிற நேரத்தைப் பார்த்துக் கடிகாரத்தைத் திருத்துவதுதான் அதன் வேலை. திருத்திய கடிகாரத்தின்படி மதியம் ஒரு வெடி போடுவார்கள். கீழே ஆண்டிக்கூடல் ஊரே அதைக் கேட்டுக் கடிகாரம் வைத்துக்கொள்ளும். ஊர் ஜோதிடர்கள், பிள்ளை வெடிக்கு முன்னால் பிறந்ததா, பின்னால் பிறந்ததா என்று விசாரித்து ஜாதகம் எழுதினார்கள். மலை ஒன்றைக் கொடுக்கும். ஊர் வேறொன்றை எடுத்துக்கொள்ளும். அது அப்போதிருந்தே அப்படித்தான்.

நாற்பது என்பது நாற்பது அங்குலக் கண்ணாடி. சுதந்திரத்துக்குப் பிறகு வந்தது. ஒரு காலத்தில் வால்நட்சத்திரங்களைத் தேடியது. இப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குச் சனியின் வளையத்தைக் காட்டிக்கொண்டிருக்கிறது. பெரியது மூன்று மீட்டர். அதற்காகத்தான் வானத்தில் அந்தச் செயற்கை நட்சத்திரத்தை, விளக்கை, வைத்தார்கள்.

“ஒரு நட்சத்திரம் எவ்வளவு வெளிச்சம்னு எப்படிச் சொல்லுவீங்க?” என்று சனிக்கிழமைதோறும் மெஹருன்னிசா பார்வையாளர்களிடம் கேட்பார். “கடையில தக்காளி நிறுக்கணும்னா எடைக்கல்லு வேணும்ல? வானத்துல எடைக்கல்லு கிடையாது. அதனால நாமளே ஒண்ணு செஞ்சு மேல வச்சோம். அதோட வெளிச்சம் எவ்வளவுன்னு நமக்குத் துல்லியமாத் தெரியும். மத்ததையெல்லாம் அதோட ஒப்பிட்டுச் சொல்லலாம்.”

“அது ஏன் மேடம் நகரவே மாட்டேங்குது?”

“பூமி சுத்துற வேகத்துலயே அதுவும் சுத்துது. அதனால நமக்கு ஒரே இடத்துல நிக்கிற மாதிரி தெரியும்.”

தமிழ்நாட்டில் எங்கே நின்று பார்த்தாலும் விளக்கு ஏறக்குறைய தலைக்கு நேர் மேலே, சற்றுத் தெற்கே தள்ளி, மஞ்சளாக நிற்கும். மற்ற நட்சத்திரங்கள் அதன் பின்னால் கிழக்கிலிருந்து மேற்கே போய்க்கொண்டிருக்கும். பெரியது வேலை செய்கிற நேரத்தில் மட்டும் விளக்கை ஏற்றுவார்கள். இருட்டியதும் ஏற்றி, விடியுமுன் அணைத்துவிடுவார்கள். மழை, மேகம் என்றால் ஏற்றுவதில்லை.

இதெல்லாம் ஆரம்பித்து முப்பது வருடங்கள் இருக்கும். வைத்த புதிதில் ஜோதிடர்கள் திகைத்துப்போனார்கள். உச்சியில் நிற்பது என்றால் ஜாதகத்தில் பத்தாம் இடம், தொழிலைச் சொல்லும் இடம். யார் எந்த லக்னத்தில் பிறந்தாலும் இது பத்தில்தான் நிற்கும். நகராத ஒன்று பத்தில் நின்றால் தொழிலும் நகராது என்று முதலில் சொன்னார்கள். ஜனங்கள் பயந்தார்கள். விளக்கை இறக்கச் சொல்லி மறியல்கூட நடந்தது. பிறகு தொலைக்காட்சியில் காலையில் பலன் சொல்கிற ஒருவர், “நகராத தொழில்னா அது அரசாங்க வேலைதானே?” என்று கேட்டார்.

அவ்வளவுதான். அதற்கப்புறம் பிரசவ ஆஸ்பத்திரிகளின் அறுவை அறைகள் பகலில் காலியாகவும் இருட்டிய பிறகு நிரம்பியும் இருந்தன.

விளக்கு எரியும்போது பிறந்தால் விளக்குப் பிள்ளை. பகலிலோ மேகம் மூடிய இரவிலோ பிறந்தால் இருட்டுப் பிள்ளை. கல்யாண விளம்பரங்களில் ஒரு வரி கூடியது. பயிற்சி நிலையங்கள் விளக்குப் பிள்ளைகளுக்குச் சலுகை கொடுத்தன. ஒரு பல்கலைக்கழகம் கணக்கெடுத்து, விளக்குப் பிள்ளைகளுக்கே அரசு வேலை அதிகம் கிடைத்திருக்கிறது என்று அறிவித்தது. மெஹருன்னிசா அதை மறுத்துப் பத்திரிகைகளுக்கு எழுதினார். அவர்களை மட்டும்தான் படிக்க வைத்தீர்கள், அதனால் அவர்களுக்கு வேலை கிடைத்தது என்று இரண்டு பக்கம் விளக்கியிருந்தார். ஒரு பத்திரிகை அதைச் சுருக்கி, ‘விளக்குப் பிள்ளைகளே நன்றாகப் படிக்கிறார்கள்: இயக்குநர் ஒப்புதல்’ என்று தலைப்புப் போட்டது. அதன் பிறகு அவர் பத்திரிகைகளுக்கு எழுதுவதில்லை.

நிறைமதியின் அண்ணன் தவசி விளக்குப் பிள்ளை. அவள் மத்தியானச் சோற்று நேரத்தில் பிறந்தவள். வீட்டில் யாரும் அவளைத் திட்டவோ அடிக்கவோ இல்லை. இரண்டு பேரையும் படிக்க வைக்க வசதி இல்லாதபோது யாரை நிறுத்துவது என்ற கேள்வி வந்தது. விடை ஏற்கனவே வானத்தில் இருந்தது. அவள் பத்தாவதோடு நின்றாள். தவசி ஆறு தடவை தேர்வு எழுதினான். இப்போது தாலுகா ஆபீசுக்கு எதிரில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறான். “கவர்மெண்டுக்கு எதுத்தாப்புல வரைக்கும் வந்துட்டான்” என்று அப்பா சொல்லிக்கொள்வார். ஒவ்வொரு தடவையும் எழுதி முடித்த பிறகு தவசி தன் பாடப் புத்தகங்களைத் தங்கையிடம் கொடுத்துவிடுவான். ஒன்றும் சொல்ல மாட்டான். கட்டி வைத்து வாசற்படியில் விட்டுவிட்டுப் போய்விடுவான். அவள் அதையெல்லாம் படித்தாள். எதற்கென்று அவளுக்கே தெரியாது.

ஆய்வகத்தில் அவளுக்குக் கிடைத்த வேலைக்கு விளக்கு மேசை என்று பெயர். ஆஸ்பத்திரிகளிலிருந்து ஓயாமல் போன் வந்து வானம் பார்க்கிறவர்களால் வேலை செய்ய முடியாமல் போனதால், அதற்கென்றே ஒரு மேசையும் ஒரு போனும் ஒதுக்கினார்கள். ஒப்பந்த வேலைதான். விண்ணப்பித்த விளக்குப் பிள்ளைகள் எல்லோரும் நிரந்தர வேலைதான் வேண்டுமென்று சொல்லிவிட்டதால் அது அவளுக்கு வந்தது. போனில் முகம் கிடையாது. அதனால் பேச்சு வந்தது.

“இன்னைக்கு எத்தனை மணிக்கு ஏத்துவீங்க?”

“ஆறே முக்காலுக்கு.”

“மேகம் ஒண்ணும் வராதே?”

“இப்ப வரைக்கும் தெளிவா இருக்குங்க.”

“வந்தா உடனே சொல்லிருங்கம்மா. ஒரு பொம்பளையப் படுக்க வச்சுக்கிட்டு நிக்கிறோம்.”

எத்தனை பெண்கள் அவள் ஒரு வார்த்தை சொல்வதற்காகப் பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருக்கிறார்கள் என்பதை அவள் சில நாள் எண்ணிப் பார்த்தாள். பிறகு எண்ணுவதை விட்டுவிட்டாள்.

தவசியின் மனைவி வைரமணிக்கு வலி எடுத்தது ஒரு வியாழக்கிழமை. மத்தியானம் மூன்று மணி வாக்கில் மேசையில் போன் அடித்தது. பேசியது ஆண்டிக்கூடல் ஆஸ்பத்திரி டாக்டர் எஸ்தர்.

“மதி, உன் மதினி இங்கதான் இருக்கா. கொடி கழுத்தைச் சுத்தியிருக்கு. குழந்தையோட துடிப்பு இறங்கிக்கிட்டே வருது. இப்பவே ஆபரேஷன் பண்ணணும்.”

“பண்ணுங்க டாக்டர்.”

“விடமாட்டேங்கிறாங்களே. உன் அண்ணன் சாயங்காலம் விளக்கு ஏத்தின பிறகுதான்னு நிக்கிறார். சரி, அவரை விடு, அந்தப் பொண்ணு சரின்னு சொன்னாப் போதும்னு அவகிட்ட போனேன். அவ என்ன சொல்றா தெரியுமா? ‘நான் தாங்கிக்குவேன் டாக்டர், என்னைய மாதிரி இருட்டுல பொறக்க வேணாம்’கிறா. அவ தாங்குவா. உள்ள இருக்கிறது தாங்காது. சாயங்காலம் வரைக்கும் அது உயிரோட இருக்கும்னு நான் நினைக்கல. மேடம்கிட்ட கேளு. பத்து நிமிஷம் ஏத்தச் சொல்லு.”

நிறைமதி இயக்குநர் அறைக்கு ஓடினாள். விஷயத்தைச் சொல்லி முடிக்க அவளுக்குச் சற்று நேரம் பிடித்தது. மெஹருன்னிசா கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

“பகல்ல அது மூடி போட்டு ஆறிக்கிட்டிருக்கும் மதி. ஆறாம ஏத்தினா வெளிச்சத்தோட அளவு மாறிடும். ஒருதரம் மாறினா மாறினதுதான். எடைக்கல்லு தேஞ்ச மாதிரி. முப்பது வருஷமா நிறுத்ததெல்லாம் என்ன எடைன்னு யாருக்கும் தெரியாமப் போயிடும்.”

“தெரியும் மேடம்.”

“அதுகூடப் போகட்டும். போன வருஷம் அமைச்சர் வீட்டுல கேட்டாங்க, முடியாதுன்னேன். இன்னைக்கு உனக்காக ஏத்தினா நாளைக்கு மாநிலத்துல இருக்கிற ஒவ்வொருத்தரும் பகல்லயும் கேப்பாங்க. அப்புறம் நம்ம விளக்கு வானத்துக்கு இல்ல, ஆஸ்பத்திரிக்குத்தான். உன் அண்ணன்கிட்ட கொஞ்சம் அறிவோட நடந்துக்கச் சொல்லு.”

“எங்க வீட்டுல அறிவெல்லாம் அவருக்குத்தான் மேடம் வாங்கிக் குடுத்தாங்க” என்றாள் நிறைமதி. கிண்டலாகச் சொல்லவில்லை.

மெஹருன்னிசா தானே ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டுத் தவசியிடம் பேசினார். இரண்டு நிமிடம் பொறுமையாக விளக்கினார். எதிர்முனையில் தவசி மரியாதையாகக் கேட்டுவிட்டு, “மேடம், உங்க வீட்டுல ஜாதகம் பாக்க மாட்டீங்க. எங்க வீட்டுல பாப்பாங்க” என்றான்.

“எங்க வீட்டுலயும் ஜாதகம் கிடையாதுதான். ஆனா என் மருமகளுக்கு எப்ப ஆபரேஷன்னு என் சம்பந்தியம்மா என்கிட்ட விளக்கு நேரம் கேட்டுத்தான் வச்சாங்க” என்று மெஹருன்னிசா போனை வைத்த பிறகு சொன்னார். “நான் கலெக்டர்கிட்ட பேசுறேன். ஏதாவது சட்டம் இருக்கும்.” எண்ணைத் தேட ஆரம்பித்தார்.

நிறைமதி தன் மேசைக்குத் திரும்பியபோது போன் அடித்துக்கொண்டிருந்தது.

“மதி, இன்னும் கால் மணி நேரம்” என்றார் எஸ்தர். “அதுக்கு மேல நான் பொறுப்பில்ல.”

ஜன்னலுக்கு வெளியே வெயில் காய்ந்துகொண்டிருந்தது. வானத்தில் சூரியனைத் தவிர ஒன்றும் இல்லை. வேறு எது இருந்தாலும் இந்த வெயிலில் தெரியப்போவதும் இல்லை. இதை அவள் அன்றைக்குத்தான் முதல்முறையாக யோசித்தாள்.

“எரியுது டாக்டர்” என்றாள்.

“என்னது?”

“ஏத்தியாச்சு. அண்ணன்கிட்ட குடுங்க.”

போன் கைமாறும் சத்தம் கேட்டது. தவசி பேசினான். “மதி, பகல்லயா? மேடம் இப்பத்தானே முடியாதுன்னாங்க?”

“இப்ப எரியுது. அரை மணி நேரந்தான் எரியும். சீக்கிரம்ணே.”

“நெசமா சொல்லுறியா? இதுல வெளையாடாத. இருட்டுல பொறந்துச்சுன்னா அதுவும் உன்னைய மாதிரி…” என்று ஆரம்பித்தவன் நிறுத்தினான்.

“நெசமாத்தான்” என்றாள் நிறைமதி.

செருப்புச் சத்தம் கேட்டது. கதவு திறந்தது. தெருவின் இரைச்சல் கேட்டது. ஆஸ்பத்திரி வாசலில் நின்று அண்ணாந்து பார்க்கிறான் என்று அவளுக்குப் புரிந்தது.

“தெரியுது மதி” என்றான் தவசி. “தெரியுது. லேசா, நீலமாத் தெரியுது.”

பின்னாலிருந்து வேறு குரல்கள் வந்தன. “எங்கிட்டு?” “அந்தா, அந்தக் கம்பத்துக்கு மேல பாரு.” “ஆமாப்பா, ஆத்தாடி, பகல்லயே எரியுது!”

கலெக்டர் போனில் கிடைத்து, சட்டம் பார்த்துச் சொல்கிறேன் என்று சொன்ன நேரத்தில் குழந்தை பிறந்துவிட்டது. பெண் குழந்தை. தாயும் நலம். மெஹருன்னிசா வெளியே வந்து, “ஒத்துக்கிட்டாங்களா?” என்றார்.

“ஒத்துக்கிட்டாங்க மேடம்.”

“எப்படி?”

“பேசினேன்.”

“பாத்தியா? எடுத்துச் சொன்னா ஜனங்க புரிஞ்சுக்குவாங்க” என்றார் மெஹருன்னிசா. அன்று முழுவதும் அவர் உற்சாகமாக இருந்தார்.

இரண்டு வாரம் ஒன்றும் நடக்கவில்லை. அதாவது மலைமேல் ஒன்றும் நடக்கவில்லை. கீழே, பகலில் விளக்கு எரிந்ததைப் பார்த்தவர்களின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போனது. அன்று ஊரிலேயே இல்லாதவர்கள்கூட பஸ்ஸிலிருந்து பார்த்ததாகச் சொன்னார்கள். ஆய்வகத்தில் வேலை செய்கிற பெண்ணின் வீட்டுப் பிள்ளைக்காகத்தான் ஏற்றினார்கள் என்பதும் தெரிந்துபோனது. டில்லியிலிருந்து விளக்கம் கேட்டு மெயில் வந்தது. அது வந்த அன்றே ஜீப்புகளிலும் ஆட்டோக்களிலும் ஜனங்கள் மலை ஏறினார்கள். பெரும்பாலும் மாமியார்கள். சாட்சிக்குத் தவசியையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார்கள். குழந்தையைக் காட்டினால்தான் நம்புவார்கள் என்று யாரோ சொன்னதால் அவன் அதையும் துண்டில் சுற்றித் தூக்கி வந்திருந்தான். குழந்தை வருகிறது என்பதால் வைரமணியும் வந்து ஜீப்பிலேயே உட்கார்ந்திருந்தாள்.

“எம் மருமகளுக்கு மட்டும் முடியாதுன்னீங்க. உங்க ஆளுக வீட்டுக்குன்னா பகல்லயும் எரியுமோ?”

“அவுக மருமகப் புள்ள ஒன்பது மணி நேரம் வலியோட கெடந்துச்சுய்யா! கேட்டா ரூல்ஸுங்கிறாக!”

மெஹருன்னிசா ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு நிறைமதியைக் கூப்பிட்டார். “நாம பகல்ல ஏத்தவே இல்லையே. இவங்க என்ன சொல்றாங்க?”

நிறைமதி சொன்னாள். நின்றுகொண்டே, தரையைப் பார்த்தபடி, நடந்ததை நடந்தபடி சொன்னாள். மெஹருன்னிசா மறுபடி ஜன்னல் வழியாகக் கூட்டத்தைப் பார்த்தார். பிறகு, “பாத்ததாச் சொன்னாங்களே, என்ன நிறம்னு சொன்னாங்க?” என்று கேட்டார்.

“நீலம்னு சொன்னாங்க மேடம்.”

“நம்ம விளக்கு மஞ்சள்.”

“ஆமா மேடம்.”

மெஹருன்னிசா நாற்காலியில் சாய்ந்துகொண்டார். “நீ செஞ்சது தப்புன்னு சொல்ல எனக்கு வாய் வரல. ஆனா உண்மையைச் சொல்லாம விட முடியாது. விட்டா இனிமே ஒவ்வொரு ஆஸ்பத்திரியிலயும் பகல்லயும் ஒரு பொண்ணு படுத்துக்கிட்டு நம்ம போனுக்காகக் காத்திருப்பா. அதுல ஒண்ணு ரெண்டு செத்துப்போகும்.”

“உண்மையைச் சொன்னா?”

“சொன்னா உன் அண்ணன் குழந்தை இருட்டுப் பிள்ளை. அதுவும் சாதாரண இருட்டுப் பிள்ளை இல்ல, பொய் சொல்லிப் பிறந்த இருட்டுப் பிள்ளை. அது கல்யாணம் பண்ற வரைக்கும் இந்த ஊரு மறக்காது.” அவர் எழுந்தார். “நானே போய்ச் சொல்றேன். இது என் பொறுப்பு.”

“வேணாம் மேடம். பொய் சொன்னது நான். நானே சொல்றேன்” என்றாள் நிறைமதி. சொன்ன பிறகுதான் வெளியே எத்தனை பேர் நிற்கிறார்கள் என்று அவளுக்கு உறைத்தது.

வாசலில் மூன்று படிகள். அவள் மேல்படியில் நின்றாள். வெயில் முகத்தில் அடித்தது. முதல் வரிசையில் தவசி குழந்தையோடு நின்றான். அவனைப் பார்க்காமல், தூரத்தில் இருந்த ஜீப்பின் சக்கரத்தைப் பார்த்துக்கொண்டு பேசினாள்.

“அன்னைக்கு விளக்கு எரியலைங்க. யாரும் ஏத்தல. நான்தான் எரியுதுன்னு பொய் சொன்னேன். குழந்தைக்கு உயிர் போகுதுன்னு டாக்டர் சொன்னாங்க. அதனால சொன்னேன்.”

யாராவது கல் எடுப்பார்களோ என்று மெஹருன்னிசா அவளுக்குப் பக்கத்தில் வந்து நின்றுகொண்டார்.

“போன்ல எரியுதுன்னு சொன்னது நீதானா?” என்று மஞ்சள் சேலை கட்டிய ஒரு பெண்மணி கேட்டாள்.

“ஆமாங்க.”

“இந்த ஆபீஸ் போன்லருந்துதானே சொன்ன?”

“ஆமா.”

“அப்ப எரிஞ்சதுதான்” என்றாள் மஞ்சள் சேலை. திரும்பிக் கூட்டத்தைப் பார்த்தாள். “சொல்ல வேண்டிய எடத்துலருந்து சொல்லியாச்சுல்ல? அம்புட்டுதான். ஏத்தா, எம் மருமகளுக்கு வர்ற வெள்ளிக்கெழம காலைல பதினோரு மணிக்கு வச்சிருக்கு. அன்னைக்கும் ஒரு வார்த்த அதே மாதிரி சொல்லிப்புடு.”

நிறைமதிக்கு முதலில் புரியவில்லை.

“விளக்கு எரியாதுங்களே.”

“எரிய வேணாம்மா. நீ சொல்லு.”

“எனக்கு ஞாயித்துக்கெழம” என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. “எம் மகளுக்கு எப்பன்னு தெரியாது, அடுத்த மாசம். பேரைக் குடுத்துட்டுப் போனா கூப்பிட்டுச் சொல்லுவீங்களா?” என்று இன்னொரு குரல். கண் மூடித் திறப்பதற்குள் படிகளின் முன்னால் ஒரு வரிசை உண்டாகிவிட்டது. சண்டை போட வந்தவர்களே முன்னால் நின்றார்கள்.

ஓய்வுபெற்ற வி.ஏ.ஓ. ஒருவர் மட்டும் வரிசைக்கு வெளியே நின்று கையை உயர்த்தினார். “இது என்ன கூத்து? பொய்யின்னு அந்தப் பொண்ணே ஒத்துக்குது. அப்புறம் எப்படிச் செல்லும்?”

“ஒத்துக்கிட்டது இப்ப. பொறந்தது அப்ப” என்றாள் மஞ்சள் சேலை.

“நாங்க கண்ணால பாத்தோமே!” என்றார் ஆஸ்பத்திரி வாசலில் நின்றிருந்த ஒருவர். “எரியாமலா தெரிஞ்சுச்சு?”

“விளக்கு மஞ்சள்தானே, அது எப்படி நீலமாத் தெரியும்?” என்று மெஹருன்னிசா அடக்கமாட்டாமல் கேட்டார்.

“பகல்ல நீலமாத்தான் மேடம் தெரியும். வானம் நீலமா இருக்குல்ல” என்றார் அவர்.

வி.ஏ.ஓ. விடவில்லை. முப்பத்தைந்து வருடம் பட்டா மாறுதல் பார்த்தவர். “இப்படிப் பேசினா ஆகாது. ஒண்ணு முடிவாகணும். இந்தப் பிள்ளை விளக்குப் பிள்ளைன்னு ஆபீஸ் சொன்னா, சரி, சொல்றதுதான் கணக்கு, வரிசையில நில்லுங்க. இருட்டுப் பிள்ளைன்னு சொன்னா எல்லாரும் கலைஞ்சு வீட்டுக்குப் போங்க. நடுவுல ஒண்ணும் கிடையாது.” அவர் நிறைமதியைப் பார்த்தார். “சொல்லும்மா. என்ன பிள்ளை அது?”

வரிசை முழுக்க அவளையே பார்த்தது. மெஹருன்னிசாவும் பார்த்தார். அவர் மெல்லிய குரலில், “விளக்குன்னு சொல்லிட்டா ஒரு வகையில நல்லதுதான் மதி. அப்புறம் எந்தப் பொண்ணும் சாயங்காலம் வரைக்கும் காத்திருக்க வேண்டியதில்ல. விளக்கும் எனக்கு மிச்சம்” என்றார். பிறகு, “ஆனா எடைக்கல்லே இல்லாம நிறுக்கிறதுக்கு நான் ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்” என்றும் சொன்னார். “எனக்குத் தெரியல. நீ பாத்துச் சொல்லு.”

விளக்கு என்று சொல்வது சுலபம். ஒரு வார்த்தை. குழந்தை பிழைத்துக்கொள்ளும். கீழே ஆஸ்பத்திரிகளில் கிடக்கிற பெண்களும் பிழைத்துக்கொள்வார்கள். ஆனால் அதன் பிறகு இந்த மேசையும் இந்தப் போனும் நிரந்தரம். பிறக்கிற ஒவ்வொரு பிள்ளைக்கும் யாராவது ஒருத்தி இங்கே உட்கார்ந்து ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். அவள் ஒருநாள் சொல்ல மறந்தால், அல்லது போன் எடுக்கப் பிந்தினால், அந்தப் பிள்ளை பத்தாவதோடு நிற்கும். இருட்டு என்று சொன்னால் அப்படி நிற்கப்போகிற முதல் பிள்ளை எதிரிலேயே இருக்கிறது. வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, துண்டிலிருந்து ஒரு கையை வெளியே நீட்டிக்கொண்டு இருக்கிறது.

அவள் படி இறங்கித் தவசியின் முன்னால் வந்து நின்றாள்.

“அண்ணே, நீ சொல்லு. விளக்குன்னு சொல்லட்டுமா, இருட்டுன்னு சொல்லட்டுமா? நீ எதைச் சொல்லச் சொல்றியோ அதையே சொல்லிர்றேன்.”

தவசி அவளைப் பார்த்தான். போனில் பாதியில் நிறுத்திய வாக்கியத்தை அவனும் நினைத்துக்கொண்டான் என்பது அவன் முகத்தில் தெரிந்தது. இருபத்தேழு வருடங்களாக விளக்குப் பிள்ளையாக இருந்தவன். ஆறு முறை தேர்வு எழுதித் தோற்றபோதெல்லாம் அடுத்த முறை கிடைத்துவிடும் என்று மற்றவர்கள்தான் சொன்னார்கள். அவன் சொன்னதில்லை.

“சொல்லுப்பா, வெயில்ல நிக்கிறோம்” என்றாள் மஞ்சள் சேலை.

“விளக்குன்னு சொல்லுய்யா, ஒனக்கென்ன நட்டம்?” என்று வரிசையிலிருந்து ஒருவர் சத்தம் போட்டார்.

தவசி வெளியே நீட்டியிருந்த அந்தக் கையை மெதுவாக உள்ளே வைத்து, துண்டின் ஓரத்தை இழுத்துக் குழந்தையின் முகத்தில் விழுந்த வெயிலை மறைத்தான். பிறகு திரும்பி நடந்தான். வரிசையில் நின்றவர்கள் அவன் எங்கே போகிறான் என்று புரியாமல் வழிவிட்டார்கள்.

“ஏப்பா! ஒண்ணு சொல்லிட்டுப் போப்பா!” என்றார் வி.ஏ.ஓ.

ஜீப்பில் வைரமணி இரண்டு கைகளையும் நீட்டிக் குழந்தையை வாங்கிக்கொண்டாள். தவசி சுற்றிக்கொண்டு போய் அந்தப் பக்கம் ஏறிக் கதவைச் சாத்தினான். அத்தனை பேரும் அவன் வாயையே பார்த்துக்கொண்டிருக்க, ஜீப் பின்னால் வந்து, திரும்பி, மலைப்பாதையில் இறங்கிப் போனது.